டியூக் எலிங்டன்

எட்வர்ட் கென்னடி எலிங்டன் (29 ஏப்ரல் 1899 – 24 மே 1974) அமெரிக்க ஜாஸ் இசையமைப்பாளர், பியானோக் கலைஞர், இசைக்குழுத் தலைவர். வாஷிங்டனில் பிறந்தார். மிடுக்கான தோற்றத்தால் இளமையிலேயே கிடைத்த 'டியூக்' (கோமகன்) என்ற பட்டப்பெயர் இறுதிவரை நிலைத்தது. தந்தை விருந்துகளில் பரிமாறும் பணி செய்தவர். வெள்ளை மாளிகையிலும் சில வேளைகளில் பணியாற்றியிருக்கிறார்.

1927 டிசம்பரில் நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் இருந்த காட்டன் கிளப் என்ற இரவு விடுதியில் எலிங்டனின் குழு வாசிக்கத் தொடங்கியது. மதுவிலக்குக் காலம் அது. விடுதியை நடத்தியவர் ஓனி மேடன் என்னும் கள்ளச்சாராயக் கும்பல் தலைவர். மேடையில் ஆடியவர்களும் பாடியவர்களும் கறுப்பினத்தவர். பார்வையாளர்களாக அனுமதிக்கப்பட்டவர்களோ வெள்ளையர். தம் மக்கள் வந்து கேட்க முடியாத இடத்தில்தான் எலிங்டன் புகழ்பெற்றார். ஆனால், அங்கிருந்து வானொலியில் ஒலிபரப்பான இசைக்கு அந்த வாசற்காவல் இல்லை. நாடெங்கும் அதைக் கேட்டார்கள்.

நடனத்துக்கும் பாட்டுக்கும் நகைச்சுவைக் காட்சிக்கும் ஓயாமல் புதிய இசை தேவைப்பட்டது. அந்த நெருக்கடியே அவருக்குப் பயிற்சிக்கூடம் ஆயிற்று. எலிங்டன் கருவிக்காக எழுதியவர் அல்லர். அதை வாசிக்கும் ஆளுக்காக எழுதினார். பிள்ளைகளின் போக்கறிந்து பாடம் நடத்துவது போன்றது இது. பப்பர் மைலி, அடைப்பு நீக்கும் ரப்பர் கிண்ணத்தால் டிரம்பெட்டின் வாயை மூடித் திறந்து உறுமல் ஒலி எழுப்புவார். அந்த உறுமலுக்கென்றே இசை அமைத்தார். 1930-இல் வந்த 'மூட் இண்டிகோ'வில் வழக்கத்தைத் தலைகீழாக்கி, கிளாரினெட்டைக் கீழ்ச்சுரத்திலும் டிரம்போனை அதற்கு மேலேயும் வைத்தார். அந்த மங்கிய ஒலியைக் கேட்டுத்தான் உணர வேண்டும்.

1943-இல் கார்னகி அரங்கில், கறுப்பின மக்களின் வரலாற்றைச் சொல்லும் நெடும்படைப்பை அரங்கேற்றினார். நடன இசைக்காரருக்கு இது எதற்கு என்ற தொனியில் விமர்சகர் சிலர் எழுதினர். பிறகு அதை முழுமையாக அவர் வாசித்தது அரிது. இழப்பு நமக்குத்தான்.

1963-இல் அமெரிக்க அரசு அனுப்பிய பயணத்தில் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் வந்தார். கென்னடி கொலையுண்டதால் பயணம் பாதியில் நின்றது. அவருடைய நெடுநாள் கூட்டாளி பில்லி ஸ்ட்ரேஹார்ன், டெல்லியில் கேட்ட மைனாவின் கூவலையும் ஓர் இசைத்துண்டாக்கினார்.

1965-இல் எலிங்டனுக்குப் புலிட்சர் சிறப்புப் பாராட்டு வழங்க நடுவர்கள் பரிந்துரைத்தனர். வாரியம் மறுத்தது, நடுவர் இருவர் பதவி விலகினர். அந்தப் பாராட்டு, அவர் மறைந்து 25 ஆண்டுகள் கழித்து 1999-இல் வழங்கப்பட்டது.

அவருடைய 70-ஆவது பிறந்தநாள் விருந்து வெள்ளை மாளிகையில் நடந்தது. தந்தை பரிமாறிய அதே மாளிகையில், குடியரசுத் தலைவர் நிக்சன் அவருக்கு விடுதலைப் பதக்கம் அணிவித்தார்.