வீட்டுக்கு வந்த வேலை: புளி மூட்டை முதல் செல்போன் வரை



நம்ம கூட்டமைப்பு மலருக்கு, பெண்கள் செய்த வேலையைப் பற்றி வரலாறு மாதிரி ஒரு கட்டுரை எழுதிக் கொடுன்னு கேட்டாங்க. நான் பத்தாவது வரைக்கும் படிச்சவ. ராஜாக்கள் கதை எனக்கு எழுத வராது. ஆனா வேலை எப்படி நம்ம வீட்டு வாசப்படி ஏறி வந்தது, எப்படி இறங்கிப் போனது என்பதைக் கண்ணால பார்த்திருக்கேன். இப்போ ஆன்லைன் வியாபாரத்தில் "வீட்டிலிருந்தே வேலை"ன்னு எல்லாரும் புதுசா பேசுறாங்க. நமக்கு அது புதுசா? அங்கிருந்தே ஆரம்பிக்கிறேன்.

புளி மூட்டை

நான் சின்னப் பொண்ணா இருந்தப்போ, மாசி, பங்குனி வந்தா வியாபாரி ஆள் புளி மூட்டையைத் திண்ணையில் இறக்கிட்டுப் போவாங்க. அம்மா, பாட்டி, அத்தை, நாங்க பிள்ளைங்க எல்லாரும் உட்கார்ந்து ஓடு நீக்கி, நார் எடுத்து, தட்டிக் கொட்டை எடுப்போம். கிலோவுக்கு இவ்வளவுன்னு கூலி. கிருஷ்ணகிரி பக்கம் இந்த வேலை இன்னைக்கும் நடக்குது. திரும்ப எடுத்துட்டுப் போகும்போது வியாபாரி தராசுதான் பேசும். எடை குறைஞ்சா கூலியில் பிடிப்பாங்க. மிச்சப் பணம் தாத்தா கைக்குப் போகும். அம்மாவை யாராவது "என்ன வேலை பார்க்கிறே?"ன்னு கேட்டா, "சும்மா வீட்டுலதான் இருக்கேன்"னு சொல்லுவாங்க. விரல் நகம் தேஞ்சு போயிருக்கும், ஆனாலும் சும்மாதான்.

இந்த "வீட்டுலதான் இருக்கேன்" என்ற வார்த்தையைக் கொஞ்சம் ஞாபகம் வெச்சுக்கங்க. கட்டுரை முழுக்க அது வரும்.

நம்ம பேர்ல ஒரு கணக்கு

1989-ஆம் ஆண்டு செப்டம்பரில் சர்வதேச வேளாண் வளர்ச்சி நிதியத்தின் உதவியோடு தமிழ்நாடு மகளிர் மேம்பாட்டுத் திட்டம் தொடங்கியது. தமிழ்நாட்டில் அது முதல்ல கால் வைத்த இடம் பழைய தருமபுரி மாவட்டம். அப்போ கிருஷ்ணகிரியும் ஓசூரும் உத்தனப்பள்ளியும் எல்லாம் தருமபுரிக்குள்ளேதான். 2004 பிப்ரவரி 9-ஆம் தேதிதான் கிருஷ்ணகிரி தனி மாவட்டம் ஆச்சு. அதனால தமிழ்நாட்டு மகளிர் சங்கத்தின் கதை நம்ம மண்ணுல ஆரம்பிச்ச கதைன்னு நாம தைரியமா சொல்லலாம்.

சங்கம் வந்ததும் முதல் மாற்றம் கடன் இல்லை. பாங்கி புத்தகத்தில் பெண் பேரு வந்ததுதான். எங்க மாமியார் கையெழுத்துப் போடக் கத்துக்கிட்டதே சங்கத் தீர்மான நோட்டில்தான். இதை ஏன் சொல்றேன்னா, பின்னால செல்போனில் வந்த வேலைக்கெல்லாம் முதல் கேள்வி, "உங்க பேர்ல அக்கவுண்ட் இருக்கா?" என்பதுதான்.

பக்கத்து பெங்களூரில்

கடைக்குப் போகாமலே பொருள் வாங்குவது ரொம்பப் பழைய பழக்கம். வெள்ளைக்காரர் காலத்திலிருந்தே தபாலில் வி.பி.பி. உண்டு. தபால்காரர் பார்சல் கொண்டு வருவார், பணம் கொடுத்தா கையில் தருவார். அதையே கம்ப்யூட்டரில் செய்ய ஆரம்பிச்ச இடங்களில் நமக்குப் பக்கத்து பெங்களூரும் ஒண்ணு. 1999-ல் அங்கே ஃபேப்மார்ட் என்ற இணையக் கடை வந்தது. அப்போ நெட்டும் குறைவு, கார்டு வெச்சிருந்தவங்களும் குறைவு. 2007-ல் சச்சின் பன்சால், பின்னி பன்சால் என்ற இருவர் ஃபிளிப்கார்ட்டை ஆரம்பிச்சாங்க. முதலில் விற்றது புத்தகம். 2010-ல் "பொருள் கைக்கு வந்த பிறகு பணம் கொடுங்க"ன்னு ஒரு ஏற்பாடு கொண்டு வந்தாங்க. பழைய வி.பி.பி. கணக்குதான் அது. ஆனா அதுக்குப் பிறகுதான் நம்மள மாதிரி ஆளுங்களுக்கு நம்பிக்கை வந்தது. 2013-ல் அமேசான் இந்தியாவுக்கு வந்தது.

2016-ல் ஜியோ வந்ததும் நெட் விலை இறங்கிப்போச்சு. வீட்டுக்கு ஒரு டச் போன் ஆச்சு. அதுக்கு முன்னாடியே, 2015-ல், விதித் ஆத்ரே, சஞ்சீவ் பர்ன்வால் இருவரும் பெங்களூரில் மீஷோவைத் தொடங்கியிருந்தாங்க. புடவைப் படத்தை வாட்ஸ்அப்பில் அனுப்பி, நம்ம லாபத்தைச் சேர்த்து விலை சொல்லி விற்கிற முறை அதன் மூலம் ஊர் ஊராப் பரவியது. கடை வேண்டாம், சரக்கு வாங்கி வைக்க வேண்டாம், முதல் வேண்டாம். இதே மாதிரி இன்னும் பல ஆப் வந்தது.

நானும் 2018-ல் அப்படி ஒரு ஆப்பில் சேர்ந்தேன். மேலே பேர் சொன்ன கம்பெனி எதுவும் இல்லை, அது வேற. 350 ரூபாய் புடவைக்கு 50 ரூபாய் சேர்த்து 400-ன்னு போட்டேன். முதல் லாபம் என் கணக்கில் ஏறின மெசேஜை மூணு நாள் அழிக்காம வெச்சிருந்தேன். தீபாவளி மாசத்தில் கொஞ்சம் நல்லாவே கிடைச்சது. பையன் ஸ்கூல் ஷூ அந்தக் காசுதான்.

ஆனா கலர் சரியில்லைன்னு திருப்பி அனுப்பினா, அந்த 50 ரூபாய் கிடைக்காது. பேச்சு மட்டும் எனக்குக் கிடைக்கும். இன்னொன்னும் நடந்தது. பார்சல் போகணும்னா வாங்குறவங்க பேரு, அட்ரஸ், போன் நம்பர் எல்லாம் நான்தான் ஆப்பில் ஏத்தணும். கொஞ்ச நாளில் அவங்களுக்கே நேரா தள்ளுபடி மெசேஜ் போக ஆரம்பிச்சது. பக்கத்துத் தெரு பொண்ணு ஒருத்தி, "அக்கா, நீங்க காட்டின அதே புடவை எனக்கு அம்பது ரூபா கம்மியா வருதுக்கா"ன்னு சிரிச்சுக்கிட்டே சொன்னா. அவ மேல தப்பில்லை. அவளை அந்த ஆப்புக்கு அறிமுகம் செஞ்சதே நான்தான். புளி மூட்டை மாதிரியே இங்கேயும் தராசு என் கையில் இல்லைன்னு அன்னைக்குப் புரிஞ்சது.

2020

2020 மார்ச் 25-ஆம் தேதி ஊரடங்கு வந்தது. முதலில் ஆன்லைனில் அத்தியாவசியப் பொருள் மட்டும்தான் அனுப்பலாம்னு விதி. ஆர்டர் கூடியது, புகாரும் கூடியது, ஆனா போன் எடுக்கிற ஆபீஸ் எல்லாம் பூட்டிக் கிடந்தது. அதுக்கு முன்னாடி, கால் சென்டர் ஊழியர் வீட்டிலிருந்து வேலை பார்க்கணும்னா கம்பெனிக்குத் தொலைத்தொடர்புத் துறையில் ஏகப்பட்ட கெடுபிடி இருந்தது. அந்த மார்ச்சில் அதைத் தளர்த்தினாங்க. 2020 நவம்பரில் பழைய விதிகளையே பெரும்பாலும் நீக்கிட்டாங்க. எங்கிருந்தும் வேலை பார்க்கலாம்னு அப்போதான் வழி திறந்தது.

2020 ஜூன் கடைசியில் அமேசான், வாடிக்கையாளர் சேவைக்கு 20,000 பேரைத் தற்காலிகமா எடுக்கிறோம்னு அறிவிச்சது. பெரும்பாலும் வீட்டிலிருந்தே பார்க்கிற வேலை. படிப்பு பன்னிரண்டாவது போதும். ஆங்கிலம், இந்தி, தமிழ், தெலுங்கு, கன்னடம் இதில் பேசத் தெரியணும்.

நம்ம ஊரை நினைச்சுப் பாருங்க. வீட்டில் தெலுங்கு, ஸ்கூலில் தமிழ், சந்தையில் கன்னடம். எல்லையில் இருக்கிறதால மூணு பாஷையும் தானா வரும். வெளியூர் கல்யாணத்துக்குப் போனா "உங்க தமிழ் ஒரு மாதிரி இருக்கு"ன்னு கிண்டல் செய்வாங்க. அந்தப் பேச்சுக்குச் சம்பளம் கிடைக்கும்னு நாம கனவிலும் நினைக்கலை.

எங்க கொழுந்தனார் பொண்ணு அப்போ பி.காம். முடிச்சிருந்தா. ஒரு ஆன்லைன் கடைக்கு போனில் பதில் சொல்ற வேலை அவளுக்குக் கிடைச்சது. ராகி மூட்டை வெச்சிருந்த அறையைக் காலி பண்ணி மேசை போட்டுக் கொடுத்தோம். கேபிள்காரரிடம் சொல்லி நெட் இழுத்தோம், சங்கக் கடனில் யு.பி.எஸ். வாங்கினோம். பார்சல் வரலைன்னு மைசூரிலிருந்து ஒருத்தர் கன்னடத்தில் கத்துவார், அடுத்த நிமிஷம் நெல்லூரிலிருந்து ஒரு அம்மா தெலுங்கில் அழுவாங்க. எல்லாருக்கும் பொறுமையாப் பதில் சொல்லுவா. கரண்ட் ஷட்டவுன் நாளில் விடிகாலையிலேயே ஓசூர் சொந்தக்காரங்க வீட்டுக்கு மெஷினைத் தூக்கிக்கிட்டு ஓடுவா.

ஆனா வீட்டில் என்ன நடந்தது? "வீட்டுலதானே இருக்கே, அடுப்பில் பால் வெச்சிருக்கேன், பாத்துக்கோ." "வீட்டுலதானே இருக்கே, விருந்தாளிக்குக் காபி போடு." அவ எழுந்தா அந்த நிமிஷத்தைக் கம்பெனி கம்ப்யூட்டர் எண்ணும். எழலைன்னா பெரியவங்க முகம் சுளிப்பாங்க. நானே இரண்டு தடவை கதவைத் தட்டியிருக்கேன், ஒத்துக்கிறேன். ஒரு நாள் ராத்திரி, "பெரியம்மா, நான் இந்த வேலையை ஆபீஸ்ல பார்த்தா யாராவது வந்து பால் பாத்துக்கோன்னு சொல்லுவாங்களா?"ன்னு கேட்டா. எனக்குப் பதில் வரலை. மறுநாள் கதவில் ஒரு சிவப்புத் துணி கட்டினோம். துணி தொங்கினா யாரும் தட்டக்கூடாது. மாமியார்தான் அதை எல்லாரையும் விட ஒழுங்காக் கடைப்பிடிச்சாங்க.

ஹைபிரிட்

நம்ம பக்கம் ஹைபிரிட்னா தக்காளி விதைதான் ஞாபகம் வரும். கம்பெனிக்காரங்க பாஷையில், வாரத்தில் சில நாள் ஆபீஸ், சில நாள் வீடுன்னு கலந்து பார்க்கிற வேலைக்கு அதுதான் பேரு. 2022 பிப்ரவரியில் மீஷோ, எங்க ஊழியர் எங்கிருந்து வேணும்னாலும் வேலை பார்க்கலாம்னு அறிவிச்சது. அமேசான் வேற வழியில் போனது. 2023 மே முதல் அதன் ஆபீஸ் ஊழியர் வாரம் மூணு நாளாவது வரணும்னு சொன்னது. பிறகு, 2025 ஜனவரி முதல் அஞ்சு நாளும் வரணும்னு ஆக்கிட்டாங்க. உலகம் முழுக்க இந்தக் காற்று மாறி மாறித்தான் அடிச்சது.

எங்க பொண்ணு கம்பெனியும் 2023-ல் பெங்களூருக்கு வாரம் மூணு நாள் வரச் சொன்னது. உத்தனப்பள்ளியிலிருந்து ஓசூர், அங்கிருந்து அத்திப்பள்ளி தாண்டி பஸ். விடியுமுன் கிளம்பினா ராத்திரிதான் வீடு. கொழுந்தனார் வேண்டாம்னுட்டார். சங்கக் கூட்டத்தில் ஊக்குநர் அக்காதான் எழுந்து, "சம்பளம் வீட்டுக்குள்ள வந்தப்போ சந்தோஷமா வாங்கிக்கிட்டோம். இப்போ பொண்ணு வாசப்படி தாண்டணும்னா மட்டும் யோசிக்கிறோமே, இது நியாயமா?"ன்னு கேட்டாங்க. அதுக்குப் பிறகு இரண்டு ராத்திரி ஹாஸ்டலில் தங்குறதுன்னு முடிவாச்சு. கல்யாணத்துக்குப் பிறகும் போனா. குழந்தை உண்டானதும் அந்த பஸ் பிரயாணம் முடியலை, வேலையை விட்டுட்டா. "வீட்டிலிருந்தே பார்க்கிறேன்"னு கேட்டுப் பார்த்தா, கிடைக்கலை. குழந்தைக்கு இப்போ ஒன்றரை வயசு. மறுபடி வேலை தேடிக்கிட்டிருக்கா.

சட்டம் என்ன சொல்லுது

1996-ல் சர்வதேச தொழிலாளர் அமைப்பு, வீட்டிலிருந்து வேலை செய்பவருக்கும் மற்ற தொழிலாளிக்குச் சமமான மரியாதை வேணும்னு 177-ஆம் எண் உடன்படிக்கையைக் கொண்டு வந்தது. அதுக்காகப் பாடுபட்டவங்களில் முக்கியமானவங்க குஜராத்தின் சேவா அமைப்பும் அதை 1972-ல் தொடங்கிய இலா பட் அம்மாவும். பீடி சுத்துறவங்க, துணி தைக்கிறவங்களுக்காக ஆரம்பிச்ச போராட்டம் அது. இந்தியா அந்த உடன்படிக்கையை இன்னும் ஏற்கலை. ஆனா நாடாளுமன்றம் 2020-ல் நிறைவேற்றிய சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பில் "வீட்டிலிருந்து வேலை செய்யும் தொழிலாளி" என்ற சொல் இருக்குது. "சும்மா இருக்கேன்"னு சொன்ன எங்கம்மாவுக்குச் சட்டப் புத்தகத்தில் ஒரு பேரு கிடைச்சிருக்கு.

இன்னொரு விதி நம்ம எல்லை ஊருக்கு ரொம்ப முக்கியம். முன்னாடி ஆன்லைன் தளத்தில் எவ்வளவு கம்மியா விற்றாலும் ஜி.எஸ்.டி. பதிவு கட்டாயம். 2023 அக்டோபர் 1 முதல், வரம்புக்குக் கீழே உள்ள சிறு வியாபாரிகளுக்கு அதில் விலக்கு கொடுத்தாங்க. ஆனா சொந்த மாநிலத்துக்குள்ளே மட்டும் விற்றால்தான் இந்த விலக்கு. அதாவது நம்ம ராகி மாவைப் பதிவு இல்லாம கன்னியாகுமரிக்கு அனுப்பலாம். கண்ணுக்கெட்டுற தூரத்தில் இருக்கிற ஆனேக்கலுக்கு அனுப்பணும்னா பதிவு வேணும்.

மூணு வேண்டுகோள்

இந்த வரலாற்றிலிருந்து எனக்குப் புரிஞ்சது ஒண்ணுதான். வேலை தானா வீட்டுக்கு வரும், தானா போயும்விடும். வந்தபோது நம்ம பேர்ல என்ன நிலைச்சதோ அதுதான் மிச்சம். எனக்கு பாங்கிக் கணக்கு நிலைச்சது, ஆனா என் வாடிக்கைக்காரங்க நிலைக்கலை. எங்க பொண்ணுக்கு அனுபவமும் பேச்சும் நிலைச்சிருக்கு, உட்கார இடம்தான் இல்லை.

அதனால கூட்டமைப்புக்கு மூணு வேண்டுகோள். ஒண்ணு, ஒவ்வொருத்தரும் தனியா ஜி.எஸ்.டி. எண் வாங்க முடியாது. கூட்டமைப்பு பேர்ல ஒண்ணு வாங்கி, எல்லா சங்கத்துப் பொருளையும் எல்லை தாண்டி விற்கலாம். அரசின் மகளிர் மேம்பாட்டு நிறுவனம் "மதி" என்ற பேர்ல நம்ம பொருளுக்குச் சந்தை செஞ்சு கொடுக்குது, அதோடும் சேர்ந்துக்கலாம். இரண்டு, வாங்குறவங்க பேரும் நம்பரும் நம்ம நோட்டிலேயே இருக்கட்டும். மூணு, கூட்டமைப்புக் கட்டிடத்தில் ஒரு அறை, நல்ல நெட், ஒரு யு.பி.எஸ்., பக்கத்தில் குழந்தைக்கு ஒரு தொட்டில். அப்படி இருந்தா, வீட்டிலிருந்து வேலை கிடைக்கிற பொண்ணு தெருக்கோடி வரை நடந்து வந்து உட்கார்ந்து பார்ப்பா. அவளை யாரும் "வீட்டுலதானே இருக்கே"ன்னு சொல்ல மாட்டாங்க.

அந்த அறைக் கதவுக்குச் சிவப்புத் துணி நான் கொண்டு வர்றேன்.