பொற்கட்டளை நூலும் கும்பகோணத்து அடிக்குறிப்பும்

தியாசபிகல் சொசைட்டியின் ஹெலினா பிளாவட்ஸ்கி 1889-இல் வெளியிட்ட 'தி வாய்ஸ் ஆஃப் த சைலன்ஸ்' சட்டைப்பைக்குள் அடங்கிவிடும் சின்னப் புத்தகம். காதுக்கு எட்டாத நாதத்தை உள்ளுக்குள் கேட்டுப் பழகினால் மனிதன் எந்த நிலைக்கு உயரலாம் என்பதுதான் அதன் முதல் பகுதி. என்னை இழுத்தது அந்த உபதேசமல்ல, அதன் முன்னுரை. இது தன் சொந்தச் சரக்கு அல்ல என்கிறார் அம்மையார். கீழை நாட்டு ஞான மாணாக்கர்களுக்குக் கொடுக்கப்படும் 'பொற்கட்டளை நூல்' என்ற பழஞ்சுவடியில் ஏறத்தாழ 90 சிறு நூல்கள் உண்டு, அவற்றில் 39-ஐத் தான் மனப்பாடம் செய்தேன் என்கிறார். மூலம் மெல்லிய நீள்சதுரத் தகடுகளில் பொறிக்கப்பட்டதாம், நகல்கள் பெரும்பாலும் வட்டத் தகடுகளில் இருக்குமாம், மகாயான மடங்களை ஒட்டிய கோயில்களில் பீடத்தின்மேல் வைத்திருப்பார்களாம். சில பகுதிகள் புத்தருக்கும் முந்தியவையாம்.

இத்தனை விவரம் சொல்கிறவர் ஒரே ஒரு கோயிலின் பெயரைக்கூடச் சொல்லவில்லை. நம் ஊர் ஏட்டுச்சுவடிகளில் பலவற்றின் கடைசி ஓலையில் எழுதினவர் பெயர், ஆண்டு, மாதம், சில சமயம் கிழமைகூட இருக்கும். அதைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இந்த முன்னுரை உறுத்தத்தான் செய்யும்.

நூல் எழுதப்பட்ட நாட்களுக்கு ஒரு சாட்சி உண்டு: அன்னி பெசன்ட். 1889 கோடையில், பாரிஸுக்குத் தெற்கே ஃபோன்தென்ப்ளோவில் பிளாவட்ஸ்கி தங்கியிருந்தபோது உடன் இருந்தவர் அவர். எதிரே எந்தப் பிரதியும் இல்லாமல் அம்மையார் விறுவிறுவென்று எழுதினார் என்று தன் சுயசரிதையில் சொல்கிறார். பக்தர்களுக்கு இது நினைவாற்றலின் அற்புதம். எனக்கு இது, மூலச்சுவடியைப் பக்கத்தில் இருந்தவரே பார்க்கவில்லை என்பதற்கான வாக்குமூலம்.

மூலம் கிடைக்காதபோது அடிக்குறிப்புகளைத்தான் துருவ வேண்டும். அங்கேதான் நூலிழை அகப்பட்டது. 'கால ஹம்ஸம்' என்னும் பறவைக்கு விளக்கம் தரும் குறிப்பில், ஓங்காரத்தின் அகாரம் வலச்சிறகு, உகாரம் இடச்சிறகு, மகாரம் வால், அர்த்தமாத்திரை தலை என்று வருகிறது. ஆதாரமாக அவர் காட்டுவது திபெத்தியத் தகடு எதையும் அல்ல. கும்பகோணம் தியாசபிகல் சொசைட்டியார் மொழிபெயர்த்த நாதபிந்து உபநிஷத்து! இமயத்துக்கு அப்பால் தேடக் கிளம்பியவனைக் காவிரிக் கரையில் கொண்டுவந்து இறக்கிவிட்டது அந்தக் குறிப்பு. பிரதி பார்க்காமல் உள்ளத்திலிருந்து கொட்டிய நூலாகவே இருக்கட்டும், அடிக்குறிப்புக்கு அச்சடித்த தாள் தேவைப்பட்டிருக்கிறது.

அடுத்து, நூலின் மையமான ஏழு ஒலிகள். உள்ளிருக்கும் இறைவனின் குரலைச் சாதகன் ஏழு விதமாகக் கேட்பான் என்று வரிசை போடுகிறார்: நைட்டிங்கேல் பறவையின் பாட்டு, வெள்ளித் தாளம், சங்குக்குள் சிறைப்பட்ட கடல் தேவதையின் புலம்பல், வீணை, மூங்கில் குழல், எக்காளம், கடைசியில் இடிமுழக்கம். இதை நாதபிந்துவோடு வைத்துப் பார்த்தால் ஒத்துவராது. அங்கே கடல், மேகம், பேரிகை என்று பேரொலியில் தொடங்கி, கிண்கிணி, குழல், வீணை, வண்டு என்று நுண்ணொலியில் முடியும். ஹம்ஸ உபநிஷத்தை எடுத்தேன். அங்கே பத்து ஒலிகள்: சிணி, சிணிசிணி, மணி, சங்கு, தந்தி, தாளம், குழல், பேரி, மிருதங்கம், மேகம். சங்கு, வீணை, குழல், இடி என்ற நான்கும் இரண்டிலும் அதே வரிசையில் நிற்கின்றன. தாளம் மட்டும் முன்னால் நகர்ந்திருக்கிறது. பேரி இருந்த பக்கம் எக்காளம் கேட்கிறது. எஞ்சியது நைட்டிங்கேல். அது ஆங்கிலக் கவிஞர்களின் செல்லப் பறவை. திபெத்தில் அதற்கு வேலை இல்லை.

தமிழ் வாசகருக்கு இதில் புதுமை குறைவு. திருமூலரே திருமந்திரத்தில் மணி, கடல், யானை, குழல், மேகம், வண்டு, தும்பி, சங்கு, பேரிகை, யாழ் என்று பத்து நாதங்களைக் கணக்கிட்டு வைத்திருக்கிறார். யோக மரபில் ஊரறிந்த சங்கதி இது. ஞானேசுவரியிலும் சில உபநிஷத்துகளிலும் இதே கருத்துகள் உண்டு என்று பிளாவட்ஸ்கியே முன்னுரையில் ஒப்புக்கொள்கிறார்; எல்லாவற்றுக்கும் வேர் ஒன்று என்பது அவர் சமாதானம். வேர் ஒன்றாகவே இருக்கலாம். ஆனால் வரிசை வரைக்கும் ஒத்துப்போவது வேரால் அல்ல, வாசிப்பால் வருவது.

இப்படிச் சந்தேகித்த முதல் ஆள் நானல்ல. அமெரிக்கரான வில்லியம் எம்மெட் கோல்மன், இந்நூல் யோக நூல்களிலிருந்தும் பௌத்த நூல்களிலிருந்தும் திரட்டியது என்று எழுதினார். 1895-இல் அது அச்சேறியது. முழுச் சான்றுகளோடு தனிநூல் தருவதாகச் சொன்னார், வரவில்லை. 1906 சான் பிரான்சிஸ்கோ நிலநடுக்கத்தில் அவருடைய நூலகமே போய்விட்டது. கோல்மனுக்குப் பகைமை அதிகம், பொறுமை குறைவு. திருட்டு என்ற ஒரே சொல்லால் எல்லாவற்றையும் மூடிவிடப் பார்த்தார்.

அது அவ்வளவு எளிதாக மூடக்கூடிய விஷயமும் அல்ல. உளவியல் அறிஞர் வில்லியம் ஜேம்ஸ் 1902-இல் இந்நூலிலிருந்து எடுத்துக்காட்டி, மறைஞானம் இசைபோல நம்மோடு பேசுகிறது என்ற தன் கருத்துக்குத் துணை தேடினார். 1989-இல் நூற்றாண்டுப் பதிப்புக்குத் தலாய் லாமாவே முன்னுரை தந்தார். இரண்டும் நூலின் சாரத்துக்குக் கிடைத்த மரியாதை. தகடுகளுக்கு அவை சான்றாகா.

கும்பகோணம் கே. நாராயணசுவாமி ஐயரின் மொழிபெயர்ப்பில் நாதபிந்து, ஹம்ஸம் இரண்டும் 1914-இல் சென்னையில் ஒரே தொகுப்பாக வந்தன. ஐயம் இருப்பவர்கள் அந்தத் தொகுப்பையும் அம்மையாரின் புத்தகத்தையும் பக்கத்தில் பக்கத்தில் விரித்து வைத்துக்கொள்ளலாம். இந்நூலுக்கான என் நூற்பட்டியல் அட்டையில் இருந்த 'மொழிபெயர்ப்பு' என்ற குறிப்பை அடித்துவிட்டேன். ஆசிரியர் பிளாவட்ஸ்கி, எழுதிய இடம் ஃபோன்தென்ப்ளோ, ஆண்டு 1889. பெயர் சொல்லக்கூடிய ஒரு கோயிலிலிருந்து ஒரே ஒரு தகடு வந்து சேரட்டும், திருத்திக்கொள்கிறேன்.