கடல் தாண்டி வந்த கலாய்

‘பாத்திரத்துக்கு ஈயம் பூசறதே!’ என்ற குரல் தெருமுனையில் கேட்டதும் திருவிடைமருதூர்ப் பக்கத்து வீடுகளில் பித்தளை அண்டாவும் உருளியும் திண்ணைக்கு வந்துவிடும். உள்பூச்சு தேய்ந்த பாத்திரத்தில் புளிக்குழம்பு இருந்தால் பச்சைக் களிம்பு ஏறும், வயிற்றைப் புரட்டும். ஆகவே ஈயம் பூசுவது அழகுக்கல்ல, அவசியத்துக்கு.

மரத்தடியில் சின்னக் குழி, அதில் கரி, பக்கத்தில் துருத்தி. புளியும் மணலும் போட்டுத் தேய்த்த பாத்திரத்தைச் சூடாக்கி, நவச்சாரப் பொடியைத் தூவுவார் பூசுகிறவர். வெள்ளைப் புகை குப்பென்று எழும். உலோகத்தின் மேலிருந்த மாசு கழன்றுவிடும். ஈயக் குச்சியை ஒரு தொடு தொட்டு, உருகியதைப் பஞ்சால் சுழற்றித் துடைத்தால் உள்ளே வெள்ளி பூத்தாற்போல் இருக்கும். சில நிமிட வேலை. கை சற்றுத் தாமதித்தால் பூச்சு திட்டுத்திட்டாகிவிடும்.

பூசுகிற இந்த ஈயம், அதாவது வெள்ளீயம், காவிரி மண்ணில் கிடைப்பதில்லை.

ஈயம் பூசுவதற்குக் ‘கலாய்’ என்றும் ஒரு பெயர் உண்டு. வெள்ளீயத்தைக் குறிக்கும் அரபுச் சொல் பாரசீகம், உருது வழியாகத் தமிழுக்கு வந்தது. மலாய்த் தீபகற்பத்தில் ‘கலா’ என்றொரு துறைமுகத்தையும் அங்கு கிடைத்த ஈயத்தையும் பழைய அரபுப் புவியியலாளர்கள் குறித்திருக்கிறார்கள். சொல்லே அந்த ஊர்ப் பெயரிலிருந்து பிறந்தது என்பது ஒரு கருத்து. அந்தக் கலாதான் கெடா, நம் கல்வெட்டுகள் சொல்லும் கடாரம் என்று கருதும் ஆய்வாளர்கள் பலர். 1025இல் ராஜேந்திர சோழனின் கப்பல்கள் போரிடப் போன கடாரம்! அதற்கு முன்பே ராஜராஜன் காலத்தில், கடாரத்து அரசன் பெயரால் நாகப்பட்டினத்தில் சூடாமணி விகாரம் எழுந்தது. அதற்கு ஆனைமங்கலம் கிராமத்தை ராஜராஜன் கொடுத்தான். நாகப்பட்டினம் திருவிடைமருதூரிலிருந்து இரண்டு மூன்று நாள் மாட்டுவண்டிப் பயணம்தான்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அதே மலாய்த் தீபகற்பத்தின் பேராக் பகுதியில் வெள்ளீயச் சுரங்கங்கள் பெருகின. நூற்றாண்டு முடிவதற்குள் உலகத்தின் வெள்ளீயத்தில் பெரும்பங்கு மலாயாவிலிருந்து போனது.

பிறகு எவர்சில்வர் வந்தது. அதற்குக் களிம்பும் இல்லை, பூச்சும் வேண்டாம். 1981இல் சேலம் உருக்காலையும் உற்பத்தியில் இறங்கியபோது பூசுகிறவர்களின் துருத்திகள் ஏற்கெனவே ஓய்ந்துகொண்டிருந்தன. இன்று கோயில் மடப்பள்ளி, கல்யாணச் சமையல், பித்தளையை விடாத சில வீடுகள் என்று வேலை சுருங்கிவிட்டது.

முழுக்க வெள்ளீயத்தாலேயே செய்த ஈயச் சொம்பு மட்டும் ரசத்துக்காகத் தப்பிப் பிழைத்திருக்கிறது. 232 டிகிரியில் உருகிவிடும் உலோகம் அது. அதனால்தான் புளித்தண்ணீரை ஊற்றிய பிறகே சொம்பை அடுப்பில் ஏற்றுகிறார்கள்.