ஸோல்டான் கோர்டாவின் திரைவாழ்வில் மைசூரும் சென்னையும்

தமிழ் சினிமாவில் வேலை செய்த வெளிநாட்டார் என்றதும் எல்லிஸ் ஆர். டங்கன்தான் நினைவுக்கு வருவார். தமிழ் தெரியாத அந்த அமெரிக்கர், 1936இல் 'சதி லீலாவதி' தொடங்கி 1950இல் 'மந்திரி குமாரி' வரை நமக்காகப் படம் எடுத்தார். அதே காலத்தில் நம்மைப் பற்றி உலகத்துக்குப் படம் எடுத்தவர் ஹங்கேரியரான ஸோல்டான் கோர்டா. பேரரசின் புகழ்பாடி என்று அவரை ஒதுக்கிவிடுவது வழக்கம். அவருடைய படங்களை வரிசையாகப் பார்த்தால் அந்தத் தீர்ப்பு பாதிதான் சரி என்று தெரியும்.

1895இல் ஹங்கேரியின் துர்கெவே அருகே ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர் ஸோல்டான். அண்ணன் அலெக்சாண்டர், தம்பி வின்சென்ட். அலெக்சாண்டர் 1932இல் லண்டனில் தொடங்கிய 'லண்டன் ஃபிலிம்ஸ்' நிறுவனத்தில் ஸோல்டான் இயக்குநர், வின்சென்ட் கலை இயக்குநர். முதலாளி அண்ணன் என்பதால் கடைசி வார்த்தையும் அண்ணனுடையதே. 1935இல் வந்த 'சாண்டர்ஸ் ஆஃப் தி ரிவர்' படத்துக்காக ஸோல்டான் ஆப்பிரிக்காவில் மக்களின் நடனங்களையும் வாழ்க்கையையும் ஆசையோடு படம்பிடித்து வந்தார். திரையில் வந்ததோ பிரிட்டிஷ் அதிகாரியின் பெருமை. அதில் நடித்த பால் ராப்சன் பிற்பாடு அந்தப் படத்தையே வெறுத்தார்.

அடுத்தது மைசூர். கிப்ளிங்கின் கதையைத் தழுவிய 'எலிஃபன்ட் பாய்' படத்துக்காக ஆவணப்பட மேதை ராபர்ட் ஃப்ளாஹர்ட்டி மைசூர்க் காடுகளில் மாதக்கணக்கில் தங்கினார். யானைப்பாகனின் மகனான சாபு அங்கேதான் கிடைத்தான். காட்சிகள் குவிந்தன, கதை நகரவில்லை. லண்டன் அருகே டென்ஹாம் படப்பிடிப்புத் தளத்தில் மீதியை எடுத்துப் படத்தை முடித்துக் கொடுத்தவர் ஸோல்டான். 1937 வெனிஸ் விழாவில் சிறந்த இயக்குநர் பரிசு இருவருக்கும் சேர்த்தே கிடைத்தது. சங்கரன்கோவிலில் கோயில் யானை கோமதியைப் பார்த்துப் பழகியவர்கள் இந்தப் படத்தைப் பார்த்தால், மைசூரில் எடுத்தது எது, தளத்தில் ஒட்டவைத்தது எது என்று உடனே சொல்லிவிடுவார்கள். சாபு யானையோடு இருக்கும் காட்சிகளில் நடிப்பே இல்லை. பிறந்து வளர்ந்த பழக்கம் அது. படத்தின் உயிரும் அதில்தான் இருக்கிறது.

1938இல் வந்த 'தி டிரம்' வேறு வகை. வடமேற்கு எல்லையின் இளவரசனாக சாபு வருகிறான். சொந்தச் சிற்றப்பனின் சதியிலிருந்து பிரிட்டிஷ் படையை முரசடித்துக் காப்பாற்றுகிறான். நல்ல இந்தியன் என்றால் ஆங்கிலேயருக்கு விசுவாசமானவன், எதிர்ப்பவன் கொடியவன் என்பதே படத்தின் கணக்கு. சென்னை மாகாணத்தில் ராஜாஜி தலைமையில் காங்கிரஸ் அமைச்சரவை ஆண்டுகொண்டிருந்த காலம் அது. பம்பாயிலும் சென்னையிலும் எதிர்ப்பு வெடித்தது. நம் திரை வரலாற்றில் இந்த எதிர்ப்புக்கு இன்னும் பெரிய இடம் தர வேண்டும் என்பேன். தங்களைப் பற்றிய பொய்யைக் காசு கொடுத்துப் பார்க்க மாட்டோம் என்று ரசிகர்கள் சொன்ன தருணம் அது.

சூடானைக் களமாகக் கொண்ட 'தி ஃபோர் ஃபெதர்ஸ்' 1939இல் வந்தது. அதுவும் அதே வார்ப்புதான். போர் மூண்டபின் அமெரிக்காவில் சாபுவை வைத்து 'ஜங்கிள் புக்' (1942) எடுத்தார். அண்ணனின் நிறுவனத்துக்கு வெளியே எடுத்த 'சஹாரா'வில் (1943) மாற்றம் கண்ணில் படுகிறது. பாலைவனத்தில் சிக்கிய நேச நாட்டு வீரர்களுக்கிடையே ஒரு சூடானிய வீரன் சரிசமமாக, கண்ணியத்தோடு நடமாடுகிறான்.

அந்த மாற்றம் முழுமை பெற்றது 1951இல், ஆலன் பேட்டனின் நாவலைத் தழுவிய 'கிரை, தி பிலவ்ட் கன்ட்ரி' படத்தில். இனஒதுக்கல் ஆட்சி நடந்த தென்னாப்பிரிக்காவிலேயே படப்பிடிப்பு நடந்தது. கறுப்பின நடிகர்களான கனடா லீயையும் சிட்னி பாய்ட்டியரையும் உள்ளே அழைத்துச் செல்ல, அவர்கள் தம் ஒப்பந்தக் கூலிகள் என்று அதிகாரிகளிடம் சொல்ல வேண்டியிருந்தது. 1935இல் ராப்சனுக்குக் கிடைக்காத கண்ணியம் இந்தப் படத்தில் கனடா லீக்குக் கிடைத்தது. கோர்டாவின் தலைசிறந்த படம் இதுவே. ஆனாலும் 1955இல், டெரன்ஸ் யங்கோடு சேர்ந்து 'தி ஃபோர் ஃபெதர்ஸ்' கதையையே 'ஸ்டார்ம் ஓவர் தி நைல்' என்று மறுபடி எடுத்தார். 1961இல் காலமானார். மைசூர்ப் பையன் சாபு அமெரிக்கக் குடிமகனாகி, போரில் விமானப்படை வீரனாகப் பணியாற்றி, 1963இல் 39 வயதில் மறைந்தார்.

நம் ஊர்த் திரைப்படச் சங்கங்களுக்கு ஒரு வேண்டுகோள்: 'தி டிரம்' படத்தையும் 'கிரை, தி பிலவ்ட் கன்ட்ரி' படத்தையும் ஒரே நாளில் அடுத்தடுத்துத் திரையிடுங்கள்.