சொக்கச்சீயன் கோபுரம்

நாம் கூடியிருக்கும் இப்பகுதி, 1929-ஆம் ஆண்டு தில்லையம்பதியில் பல்கலைக்கழகம் கண்ட ராஜா சர் அண்ணாமலைச் செட்டியார் அவர்களின் திருப்பெயரைத் தாங்கி நிற்பது. ஆதலின் ராஜா அண்ணாமலைபுரத்தில் அமர்ந்து தில்லையை நினைப்பது பொருத்தமே. தில்லைத் தெற்குக் கோபுரத்தோடு பெயர் பிணைந்த கோப்பெருஞ்சிங்கன் என்னும் சிற்றரசனைப் பற்றி இன்று சிந்திக்க எண்ணுகின்றேன். சிந்தனை எளிதன்று. அடியார் திருக்கூட்டத்தில் ஐயமின்றிச் சேர்த்துவிடத்தக்க வாழ்வு அன்று அவனுடையது.

காடவர் குடியிற் பிறந்தவன் அவன். பல்லவர் வழித்தோன்றல்கள் என்று தம்மைக் கூறிக்கொண்ட அக்குடியினர், சோழர்க்கு அடங்கித் திருமுனைப்பாடி நாட்டில் ஆட்சி செலுத்தினர். காடவர் என்ற அளவிலே ஐயடிகள் காடவர்கோன் நாயனாரும் கழற்சிங்க நாயனாரும் நம் உள்ளத்தில் தோன்றுவர். திருமுனைப்பாடியோ அப்பரும் சுந்தரரும் அவதரித்த நாடு. சுந்தரரைத் திருநாவலூரிலே மகவாய் வளர்த்த நரசிங்க முனையரையரும் ஒரு குறுநில மன்னரே அல்லவா? அத்திருநாவலூருக்கு அண்மையிலுள்ள சேந்தமங்கலமே கோப்பெருஞ்சிங்கனின் கோநகரம்.

1216-இல் அரியணை ஏறிய மூன்றாம் இராசராச சோழனிடம் முன்னோரின் ஆற்றல் இல்லை. தெற்கே பாண்டியன் தாக்கினான், நாடு தளர்ந்தது. 1231-ஐ ஒட்டி, தெள்ளாற்றுக் களத்தில் தன் பேரரசனையே வென்ற கோப்பெருஞ்சிங்கன், அவனை அமைச்சர்களோடு சிறைப்படுத்திச் சேந்தமங்கலத்தில் வைத்தான். ஒன்பதாம் நூற்றாண்டில் மூன்றாம் நந்திவர்ம பல்லவன் வென்று புகழ்கொண்ட அதே தெள்ளாறு! வயலூர்க் கல்வெட்டு இவ்வெற்றியைப் பெருமையாகவே பாடுகின்றது. உண்ட உப்பை மறந்த செயல் என்று நாம் சொல்வோம்.

மறுபக்கத்தைக் கூறுவது கடலூரை அடுத்த திருவயிந்திரபுரத்துக் கல்வெட்டு. சோழன் சிறைப்பட்டதையும், கோப்பெருஞ்சிங்கன் படையால் நாடு அழிந்ததையும், தேவாலயங்களும் விஷ்ணு ஸ்தானங்களும் கேடுற்றதையும் கேட்ட போசள மன்னன் வீரநரசிம்மன், அப்பண்ணன், சமுத்திர கோப்பையன் என்னும் தண்டநாயகர் இருவரை ஏவினான். அவர்கள் வழிநெடுக ஊர்களை அழித்துச் சென்றனர். இடையிலே பொன்னம்பலத்தையும் வழிபட்டனர். முடிவில் கோப்பெருஞ்சிங்கன் சோழனை விடுவித்தான். இது பகைவர் தரப்பு வெட்டுவித்த கல் என்று ஒதுக்கிவிடலாம். ஆயினும் கோயில்கள் கேடுற்றன என்ற சொல்லைச் சைவ மேடையிலே மறைப்பது அழகன்று.

இனித் தில்லைக்கு வருவோம். செங்கற்பட்டை அடுத்த ஆத்தூர்க் கல்வெட்டு, தெற்குக் கோபுரத்தைச் சொக்கச்சீயன் என்னும் எழுநிலைக் கோபுரம் என்று குறித்து, அதன் திருப்பணிக்கு அவ்வூரையே வழங்கிய செய்தியைத் தருகின்றது. ஆந்திர நாட்டுத் திரிபுராந்தகத்தில் 1262-இல் வெட்டப்பட்ட சாசனமோ கிழக்குக் கோபுரத் திருப்பணியைப் பேசுகின்றது. கோபுர வாயிலின் பக்கச் சுவர்களிலே நூற்றெட்டுக் கரணங்களை நின்று கண்டவர் விரைந்து நகரமாட்டார். பரதம் வல்ல பெருமாள் என்று விருது பூண்ட குடி, கூத்தப்பிரானுக்குத் தான் அறிந்த கலையையே வாயிலாக்கிவிட்டது.

கோப்பெருஞ்சிங்கன் ஒருவனா, தந்தையும் மகனுமாகிய இருவரா என்று அறிஞர் வழக்காடியதுண்டு. சோழனைச் சிறைவைத்தவன் தந்தை, 1243-இல் பட்டமேறியவன் மகன் என்பதே இன்று பெரும்பான்மையோர் முடிபு. எந்தத் திருப்பணி எவனுடையது என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. சிறைவைத்த கையும் கோபுரம் எடுத்த கையும் ஒரே குடியின் கைகள் என்பதில் ஐயமில்லை.

செய்த பிழைக்குக் கழுவாயாகக் கோபுரம் எடுத்தனர் என்று சொல்ல எனக்கும் ஆசைதான். கல்வெட்டு இடந்தரவில்லை. பகைவரை வென்று கொண்ட பொருளால் அணிசெய்ததாகவே அது பேசுகின்றது. பெருமிதமும் பக்தியும் அந்நெஞ்சில் பிரிக்கவொண்ணாமற் கலந்திருந்தன போலும். எம்பெருமான் கொடுத்தவனை விசாரித்து ஏற்கவில்லை. நாமும் அவ்வாயில் வழியேதான் நுழைந்து கும்பிடுகின்றோம்.

பின்னர்ச் சடாவர்மன் சுந்தர பாண்டியன் சேந்தமங்கலத்தைக் கைப்பற்றி, அதனைக் காடவனுக்கே திருப்பி அளித்தான். பிறரை அடக்கியவன் தானும் அடங்கினான். 1279-ஐ ஒட்டிச் சோழர் ஆட்சியும் காடவர் ஆட்சியும் ஏறக்குறைய ஒருங்கே மறைகின்றன. அடுத்த முறை தில்லை செல்லும் அன்பர்கள் தெற்குக் கோபுர வாயிலில் சற்று நின்று மேல்விதானத்தை அண்ணாந்து பாருங்கள். சொக்கச்சீயன் கோபுரத்தில் பாண்டியரின் கயல்கள் செதுக்கப்பட்டிருக்கும்.