பேராசிரியரின் குரலும் ஆர்ப்பரிக்கும் குரலும்

கண்ணமங்கலத்தில் இருந்துகொண்டு சென்னை நேரு ஸ்டேடியத்துக்குப் பஸ் ஏறி, ஆட்டம் பார்த்து, அன்றிரவே வீடு திரும்புவது லேசான காரியமல்ல. இங்கே தொழில்முறைக் கால்பந்து டிவியில் பார்ப்பதுதான். வர்ணனையாளர் காட்டுகிற ஆட்டம்தான் நம் ஆட்டம். அப்படிக் காட்டியவர்களில் இருவர் நோவி கபாடியாவும் மலையாள வர்ணனையாளர் ஷைஜு தாமோதரனும்.

கபாடியா டெல்லிப் பல்கலைக்கழகத்தின் கால்சா கல்லூரியில் ஆங்கிலம் கற்பித்தவர். பாடம் நடத்துவது பிழைப்பு, வர்ணனை பித்து. வானொலி, தூர்தர்ஷன், தனியார் சேனல்கள் என எங்கே பேசினாலும், கண்முன் நடக்கும் ஆட்டத்துக்குப் பின்னால் ஐம்பது வருஷச் சரித்திரத்தை நிறுத்திவிடுவார். 2017-இல் இந்தியக் கால்பந்தின் வரலாற்றைப் புத்தகமாகவே எழுதினார். எங்கள் வேலூர், ஆரணிப் பக்கம் பட்டாளத்துக்கு ஆள் அனுப்பிய குடும்பங்கள் நிறைய. ராணுவ அணியான மெட்ராஸ் ரெஜிமெண்டல் சென்டர் 1955-லும் 1958-லும் துராந்த் கோப்பையை வென்றதும், அதன் கோல்கீப்பர் பீட்டர் தங்கராஜ் 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற இந்திய அணியில் இருந்ததும் அந்த வீடுகளில் எத்தனை பேருக்குத் தெரியும்? கபாடியா போன்றவர்கள் பேசிப் பேசிக் காப்பாற்றிய சங்கதிகள் இவை. ஆனால் பேசியது தமிழில் அல்ல.

ஷைஜு வேறு ரகம். 2014-இல் இந்தியன் சூப்பர் லீக் (ஐ.எஸ்.எல்.) தொடங்கி, மாநில மொழி ஒளிபரப்பு வியாபாரமாக வளர்ந்தபோது வளர்ந்த குரல் அவருடையது. 2018 உலகக் கோப்பையில் ஸ்பெயினுக்கு எதிராக 88-ஆம் நிமிடம் ரொனால்டோ ஃப்ரீ கிக்கில் கோல் போட்டு 3-3 ஆக்கியதும் மலையாளத்தில் அவர் கூவிய கூவல், மொழி புரியாதவர்களின் கைபேசிகளுக்கும் போனது. நுணுக்கம் குறைவு, சத்தம் அதிகம் என்று குறை சொல்பவர்கள் உண்டு. எனக்கும் சில நேரம் ஒலியைக் குறைக்கத் தோன்றும். ஆனாலும் அணிக்கு ஏழு பேர் ஆடும் கேரளத்து செவன்ஸ் மைதானங்களில் கத்திப் பழகிய ஒரு ஜனம் அவர் குரலில் தன்னைக் கேட்டுக்கொண்டது. வெறும் சத்தம் அதைச் செய்யாது.

காலமும் இருவரையும் ஒரேமாதிரி நடத்தவில்லை. கபாடியா தொடங்கிய நாளில் கால்பந்து வர்ணனை சோறு போடும் தொழிலில்லை. ஷைஜுவால் தன் பெயரையே முதலாக்கிக்கொள்ள முடிந்தது. நரம்பியக்க நோயில் படுத்த கபாடியாவுக்குக் கல்லூரி ஓய்வூதியம்கூடக் கிடைக்காமல் இழுபட்டு, கடைசியில் மத்திய விளையாட்டு அமைச்சகம் உதவித்தொகை தர நேர்ந்தது. 2021 நவம்பரில் டெல்லியில் இறந்தார்.

தமிழ்நாட்டுக்கு வருவோம். கிரிக்கெட்டுக்கு அப்துல் ஜப்பாரின் வானொலித் தமிழ் இருந்தது. கால்பந்துக்கு? சென்னையின் எஃப்.சி. 2015-லும் 2018-லும் ஐ.எஸ்.எல். கோப்பையைத் தூக்கியது, மூன்று இறுதிப் போட்டிகளில் தோற்ற கேரளா பிளாஸ்டர்ஸுக்கு அந்தப் பாக்கியமில்லை. ஆனால் கோப்பையில்லாத ஊருக்கு ஒரு ஷைஜு கிடைத்தார். இரண்டு கோப்பை வாங்கிய ஊருக்கு அவருக்கு இணையான ஒரு கால்பந்துக் குரல் இன்னும் வாய்க்கவில்லை.