தீரர் சத்தியமூர்த்தி: வாழ்வும் குடும்பமும்

சு. சத்தியமூர்த்தி (ஆகஸ்ட் 19, 1887 – மார்ச் 28, 1943) இந்திய விடுதலைப் போராட்ட வீரர், வழக்கறிஞர், சட்டமன்றப் பேச்சாளர், சென்னை மாநகர மேயர். இன்றைய புதுக்கோட்டை மாவட்டத்தில் உள்ள திருமயத்தில் பிறந்தவர். காமராசரின் அரசியல் ஆசானாக அறியப்படுபவர். மக்கள் இவரைத் 'தீரர்' என்ற அடைமொழியோடு அழைத்தனர். சென்னையில் உள்ள காங்கிரஸ் கட்சியின் மாநிலத் தலைமையகமான சத்தியமூர்த்தி பவனும், பூண்டி நீர்த்தேக்கமான சத்தியமூர்த்தி சாகரும் இவர் பெயரைத் தாங்கியவை.

பிறப்பும் ஊரும்

திருமயம் என்பது திருமெய்யம் என்ற பழம்பெயரின் திரிபு. மெய் என்ற தமிழ்ச் சொல்லை வடமொழியில் சத்தியம் என்பர். அங்குள்ள குன்றுக்குச் சத்தியகிரி என்று பெயர். ஒரே பாறையைக் குடைந்து அருகருகே அமைந்த சிவன் கோயில் சத்தியகிரீசுவரர் கோயில் எனவும், பெருமாள் கோயில் சத்தியமூர்த்திப் பெருமாள் கோயில் எனவும் வழங்குகின்றன. ஆக, ஊரின் பெயரே பிள்ளையின் பெயராகவும் அமைந்தது எனலாம். குன்றின் மேல் உள்ள கோட்டை 17ஆம் நூற்றாண்டில் இராமநாதபுரம் சேதுபதிகளால் கட்டப்பட்டுப் பின்னர் தொண்டைமான்களின் கைக்கு வந்தது.

சத்தியமூர்த்தி பிறந்த காலத்தில் புதுக்கோட்டை, பிரித்தானிய இந்தியாவின் பகுதியாக இல்லாமல் தொண்டைமான் மன்னர்களின் தனி சமஸ்தானமாக இருந்தது. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அப்போது சிறுவர், திவான் அ. சேஷய்யா சாஸ்திரி நிர்வாகத்தை நடத்திவந்தார். பிற்காலத்தில் பிரித்தானிய ஆட்சியைச் சட்டமன்றத்தின் உள்ளே நின்று கேள்விகளால் துளைத்த ஒருவர், சட்டப்படி அந்த ஆட்சியின் நேரடிக் குடிமகனாகப் பிறக்கவில்லை என்பது கவனிக்கத்தக்கது.

தந்தை சுந்தர சாஸ்திரி வழக்கறிஞர். வடமொழிப் புலமை உள்ள குடும்பம். சத்தியமூர்த்தி இளமையிலேயே தந்தையை இழந்தார். தாயையும் உடன்பிறந்தோரையும் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு அவர்மீது விழுந்தது. புதுக்கோட்டை மகாராஜா கல்லூரியிலும், பின்னர் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிலும், சென்னைச் சட்டக் கல்லூரியிலும் படித்தார். வழக்கறிஞராகப் பதிவு செய்துகொண்டாலும் அந்தத் தொழில் அவரை நெடுநாள் பிடித்துவைக்கவில்லை.

மேடையும் நாடகமும்

சத்தியமூர்த்தியின் பேச்சாற்றலைப் பற்றி எழுதுவோர் பலர், அது எங்கே பயிற்சி பெற்றது என்பதைச் சொல்லாமல் விட்டுவிடுகின்றனர். பம்மல் சம்பந்த முதலியார் 1891 இல் தொடங்கிய சுகுண விலாச சபையில் அவர் நடிகராக இருந்தார். 'மனோகரா' நாடகத்தில் மனோகரன் வேடம் ஏற்றார். ஒலிபெருக்கி இல்லாத காலத்தில் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி குரலை எடுப்பது, ஒரு சொல்லுக்கு முன்னால் நிறுத்தி அவையைக் காத்திருக்கச் செய்வது ஆகியவை நாடக மேடையில் பழகும் வித்தைகள். வழக்கறிஞர் தொழிலைவிட இந்தப் பயிற்சியே அவருக்கு அரசியலில் அதிகம் உதவியது என்று கருத இடமுண்டு.

அக்காலக் காங்கிரஸ் தலைவர்கள் பெரும்பாலும் ஆங்கிலத்தில் பேசுபவர்கள். சத்தியமூர்த்தி இரு மொழிகளிலும் வல்லவர். சட்டமன்றத்தில் ஆங்கிலத்தாலும், கடற்கரைக் கூட்டங்களில் தமிழாலும் கேட்போரைக் கட்டிப்போட்டார். நாடகக் கலைஞர்களைத் தாழ்வாகப் பார்த்த படித்த வகுப்பினர் நடுவே, அவர்களைக் கட்சி மேடைக்கு அழைத்து வந்தவரும் அவரே. கணவர் எஸ். ஜி. கிட்டப்பா 1933 இல் இறந்தபின் ஒதுங்கியிருந்த கே. பி. சுந்தராம்பாளைத் தேர்தல் பரப்புரைக்குப் பாட அழைத்து வந்தார். திரைப்படத்தின் வலிமையை முதலில் உணர்ந்த தமிழக அரசியல்வாதி என்று அவரைச் சொல்வதுண்டு. தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபையின் முதல் தலைவரும் அவர்தாம். தமிழக அரசியலில் பின்னர் திரையுலகம் பிடித்த இடத்தை நினைத்துப் பார்த்தால், தொடக்கத்தில் அந்தக் கதவைத் திறந்தவர் காங்கிரஸ்காரர் என்பது பலருக்கு வியப்பாக இருக்கும்.

சட்டமன்றத்தில்

1919 இல் மாண்டேகு–செம்ஸ்போர்டு சீர்திருத்தம் பற்றி இங்கிலாந்து நாடாளுமன்றக் கூட்டுக் குழுவின் முன் காங்கிரசின் கருத்தை எடுத்துரைக்கச் சென்ற தூதுக்குழுவில் சத்தியமூர்த்தியும் இடம்பெற்றார். அப்போது அவருக்கு வயது 32. இலண்டனில் இருந்தபோது 'தி இந்து' நாளிதழுக்குச் செய்தியாளராகவும் பணியாற்றினார்.

காந்தியடிகள் சட்டமன்றங்களைப் புறக்கணிக்கச் சொன்னபோது சத்தியமூர்த்திக்கு அதில் உடன்பாடு இல்லை. சி. ஆர். தாசும் மோதிலால் நேருவும் அமைத்த சுயராச்சியக் கட்சியின் வழியே அவர் வழியாக இருந்தது. எதிரியின் மன்றத்துக்குள் நுழைந்து, எதிரியின் விதிகளைக் கொண்டே எதிரியை முடக்க வேண்டும் என்பது அவர் கருத்து. 1923 இல் பல்கலைக்கழகத் தொகுதியிலிருந்து சென்னைச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1926 தேர்தலில் சுயராச்சியக் கட்சி தனிப்பெருங் கட்சியாக வந்தும் அமைச்சரவை அமைக்க மறுத்துவிட்டது.

1928 இல் பாரதியார் பாடல் நூல்களைப் பர்மா அரசு தடை செய்ய, அதைப் பின்பற்றிச் சென்னை அரசும் அவற்றைப் பறிமுதல் செய்தது. பாரதியார் மறைந்து ஏழு ஆண்டுகளே ஆகியிருந்தன. சத்தியமூர்த்தி சட்டமன்றத்தில் அரசைக் கண்டித்துத் தீர்மானம் கொண்டுவந்து பேசினார். தடைக்கு எதிராகத் தமிழ்நாட்டில் எழுந்த கிளர்ச்சியின் மையமாக அந்த விவாதம் அமைந்தது. பாரதியின் புகழ் வளர்ந்த வரலாற்றில் இந்நிகழ்வுக்கு உரிய இடம் இன்னும் போதிய அளவு தரப்படவில்லை.

அதே மன்றத்தில் அவர் எடுத்த எல்லா நிலைகளும் அவருக்குப் பெருமை சேர்ப்பன அல்ல. தேவதாசி முறையை ஒழிக்க முத்துலட்சுமி ரெட்டி முனைந்தபோது சத்தியமூர்த்தி அதை எதிர்த்தார். கலையும் மரபும் அழிந்துவிடும் என்பது அவர் தரப்பு. இசை, நாட்டியம் ஆகியவற்றின்மீது அவர் கொண்ட பற்று உண்மையானது. ஆயினும் அந்த மரபின் சுமையைத் தாங்கிய பெண்களின் நிலையை அவர் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. வரலாறு முத்துலட்சுமி ரெட்டியின் பக்கமே நின்றது.

1930 இல் திருவல்லிக்கேணி பார்த்தசாரதி கோயில் மீது தேசியக் கொடி ஏற்ற முயன்று சிறை சென்றார். 1934 இல் நடைபெற்ற மத்திய சட்டமன்றத் தேர்தலில் நீதிக்கட்சியின் ஆற்காடு இராமசாமி முதலியாரைச் சென்னை நகரில் தோற்கடித்தார். இந்தியா முழுதும் பேசப்பட்ட வெற்றி அது. தில்லியில் புலாபாய் தேசாய் காங்கிரஸ் கட்சித் தலைவராகவும், சத்தியமூர்த்தி துணைத் தலைவராகவும் இருந்தனர்.

கிடைக்காத பதவி

1935 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மாகாணங்களில் காங்கிரஸ் ஆட்சியை ஏற்க வேண்டும் என்று விடாமல் வாதாடியவர்களில் சத்தியமூர்த்தி முதன்மையானவர். 1937 தேர்தலில் சென்னைச் சட்டமன்றத்தின் 215 இடங்களில் 159 இடங்களைக் காங்கிரஸ் வென்றது. தமிழ்நாடு காங்கிரஸ் கமிட்டியின் தலைவர் அப்போது அவரே. ஆனால் முதலமைச்சரானவர் இராஜாஜி. அவர் போட்டியிட்ட பல்கலைக்கழகத் தொகுதி முன்பு சத்தியமூர்த்தியின் தொகுதி. இராஜாஜிக்காக அவர் விலகி நின்றார். அமைச்சரவையிலாவது இடம் கிடைக்கும் என்று அவரும் நண்பர்களும் எதிர்பார்த்தனர். அதுவும் கிடைக்கவில்லை.

இந்த இடத்தில் ஆங்கில நாடாளுமன்ற வரலாற்றைப் படித்தவர்களுக்கு எட்மண்ட் பர்க் (1729–1797) நினைவுக்கு வருவார். அயர்லாந்தின் டப்ளினில் ஒரு வழக்கறிஞரின் மகனாகப் பிறந்த பர்க், இலண்டனுக்கு வந்து சட்டம் படித்து, அதை விட்டு எழுத்துக்கும் நாடாளுமன்றத்துக்கும் போனவர். வாழ்நாளின் பெரும்பகுதியை எதிர்க்கட்சி வரிசையில் கழித்தார். கட்சிக்குக் கொள்கை வகுத்துத் தந்தவருக்கு அமைச்சரவையில் இடம் கிடைக்கவில்லை. படைச் சம்பள அலுவலர் பதவிக்கு மேல் அவர் உயரவில்லை. பர்க்குக்கும் இந்தப் பகுதிக்கும் தொடர்பு இல்லாமலும் இல்லை. ஆற்காட்டு நவாபின் கடன்கள் பற்றி 1785 பிப்ரவரி 28 அன்று அவர் ஆற்றிய உரை, கும்பினி அலுவலர்கள் கர்நாடகப் பகுதியைச் சுரண்டிய விதத்தை அம்பலப்படுத்தியது. அவருடைய உறவினர் எனப்பட்ட வில்லியம் பர்க், புதுக்கோட்டைக்கு அண்டை அரசான தஞ்சாவூரின் மன்னருக்கு இலண்டனில் முகவராக இருந்தார். எனவே பர்க்கின் சீற்றத்தில் குடும்ப நலன் கலந்திருந்தது என்று எதிரிகள் ஏசினர்.

ஒப்புமையை அளவுக்கு மீறி நீட்ட வேண்டியதில்லை. பர்க் பேரரசைத் திருத்த நினைத்தவர். சத்தியமூர்த்தி அதை வெளியேற்ற நினைத்தவர். ஆனால் குடும்ப வாழ்வில் இருவருக்கும் உள்ள வேறுபாடு சொல்லத்தக்கது. பர்க்கின் இரு மகன்களில் ஒருவர் குழந்தையிலேயே இறந்தார். தம் நாடாளுமன்ற இடத்துக்கு வர வேண்டும் என்று அவர் விரும்பிய ரிச்சர்டு 1794 இல் இறந்தார். மூன்று ஆண்டுகளில் தந்தையும் மறைய, அந்த வழி அத்துடன் முடிந்தது. சத்தியமூர்த்திக்கு ஒரே மகள். அவர் விட்டுச் சென்றது வேறு விதமாகத் தொடர்ந்தது.

காமராசர்

சத்தியமூர்த்தி 1936 இல் மாநிலக் காங்கிரஸ் தலைவரானபோது விருதுநகர்க் காமராசரைச் செயலாளராக வைத்துக்கொண்டார். 1940 இல் இராஜாஜியின் ஆதரவு பெற்ற சி. பி. சுப்பையாவை மிகச் சிறிய வாக்கு வித்தியாசத்தில் வென்று காமராசர் தலைவரானார். அப்போது சத்தியமூர்த்தி, தம் சீடரின் கீழ்ச் செயலாளராக இருக்கச் சம்மதித்தார். வயதில் பதினாறு ஆண்டு இளையவர், அதிகம் படிக்காதவர், வேறு சமூகத்தைச் சேர்ந்தவர் ஒருவரின் கீழ்ப் பணியாற்ற முன்வந்த தலைவர்கள் அன்றைய அரசியலில் அதிகம் இல்லை.

மேயர்

1939 இல் சென்னை மேயராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அரசியல் வாழ்வில் அவர் கையில் நிர்வாகம் இருந்தது இந்த ஓராண்டுதான். நகரில் குடிநீர்த் தட்டுப்பாடு கடுமையாக இருந்தது. செங்குன்றம் ஏரியை மட்டும் நம்பியிருந்த நகருக்காகக் கொசத்தலை ஆற்றின் குறுக்கே பூண்டியில் நீர்த்தேக்கம் கட்டும் திட்டத்தை முன்னெடுத்தார். உலகப் போர் தொடங்கிவிட்டதால் பணம் கிடைப்பதே கேள்வியாக இருந்த நேரம். விடாமல் வற்புறுத்தி அரசின் ஒப்புதலைப் பெற்றார். 1940 ஆகஸ்டு 8 அன்று ஆளுநர் ஆர்தர் ஹோப் அடிக்கல் நாட்டினார். எந்த ஆட்சியை எதிர்த்து அவர் சிறை சென்றாரோ அந்த ஆட்சியின் ஆளுநரையே மேடைக்கு அழைத்து நகருக்குத் தண்ணீர் கேட்டதில் அவருக்கு முரண்பாடு ஏதும் தெரியவில்லை. அணை 1944 இல் முடிந்தது. அதைக் காண அவர் இல்லை.

சிறையும் மறைவும்

தனிநபர் சத்தியாக்கிரகத்தில் மீண்டும் சிறை சென்றார். அந்நாட்களில் மகள் லட்சுமிக்கு அவர் எழுதிய கடிதங்கள் பின்னர் நூலாக வந்தன. நேரு தம் மகள் இந்திராவுக்குச் சிறையிலிருந்து எழுதியவற்றை எல்லோரும் அறிவர். தமிழகத்தின் ஒரு தந்தையும் அப்படி எழுதினார் என்பது அந்த அளவுக்குப் பரவவில்லை.

1942 ஆகஸ்டில் 'வெள்ளையனே வெளியேறு' தீர்மானம் நிறைவேறிய பம்பாய் மாநாட்டிலிருந்து திரும்பும் வழியில் கைது செய்யப்பட்டார். அதே பயணத்தில் காமராசர் அரக்கோணத்தில் இறங்கிக் காவலர்களின் கண்ணில் படாமல் தப்பினார். சத்தியமூர்த்தியைத் தொலைவில் உள்ள அமராவதிச் சிறைக்குக் கொண்டுபோயினர். பயணத்தில் முதுகெலும்பில் காயம் ஏற்பட்டது. ஏற்கெனவே நலிந்திருந்த உடல் அதிலிருந்து மீளவில்லை. சென்னைப் பொது மருத்துவமனையில் 1943 மார்ச் 28 அன்று, 55 ஆம் வயதில் காலமானார்.

நாடு விடுதலை பெற்றபோது காமராசர் சத்தியமூர்த்தியின் வீட்டுக்குச் சென்று அங்கே தேசியக் கொடியை ஏற்றினார். 1954 இல் முதலமைச்சரானபோதும் அந்த வீட்டுக்குப் போய், ஆசானின் படத்துக்கு மாலையிட்டு, அவருடைய மனைவியை வணங்கி வந்தார்.

மகள் லட்சுமி

தந்தை இறந்தபோது லட்சுமி பதின்வயதைத் தாண்டாதவர். திருமணத்துக்குப் பின் லட்சுமி கிருஷ்ணமூர்த்தி என அறியப்பட்ட அவர் அரசியலிலும் ஈடுபட்டார். எனினும் தமிழ் வாசகர்கள் அவரை நினைவில் வைத்திருப்பது வேறு காரணத்துக்காக. 1960களின் நடுவில் கணவருடன் சேர்ந்து 'வாசகர் வட்டம்' என்ற பதிப்பகத்தைத் தொடங்கினார். வாசகர்களை முன்கூட்டியே உறுப்பினராகச் சேர்த்து, அவர்களுக்கு நல்ல தாளில், நல்ல கட்டமைப்பில் நூல்களை வெளியிட்ட முயற்சி அது. லா. ச. ராமாமிர்தத்தின் 'புத்ர', சா. கந்தசாமியின் 'சாயாவனம்', சிட்டியும் தி. ஜானகிராமனும் சேர்ந்து எழுதிய 'நடந்தாய் வாழி காவேரி' ஆகியவை இப்பதிப்பகம் கொண்டுவந்தவை. பணம் ஈட்டும் முயற்சியாக அது இல்லை. சில ஆண்டுகளில் நின்றும் போனது. ஆயினும் நவீனத் தமிழ் இலக்கியத்தின் வரலாற்றை எழுதுவோர் வாசகர் வட்டத்தை விட்டுவிட்டு எழுத முடியாது. லட்சுமி கிருஷ்ணமூர்த்தி 2009 இல் காலமானார்.

சத்தியமூர்த்தியின் கடிதங்கள் கே. வி. இராமநாதனால் தொகுக்கப்பட்டு ஆங்கிலத்தில் இரு தொகுதிகளாக வந்துள்ளன. அவர் பிறந்த சமஸ்தானம் 1948 மார்ச்சில் இந்திய ஒன்றியத்துடன் இணைந்தது. திருச்சிராப்பள்ளி மாவட்டத்தின் பகுதியாக இருந்து, 1974 சனவரி 14 முதல் தனி மாவட்டமாக விளங்குகிறது.